240 தவணைக்குக் கையெழுத்துப் போட்டேன், மூன்று வருடம் கட்டிய பிறகு 480 பாக்கி: என் வீட்டுக் கடன் அனுபவம்

வங்கியின் பெயரைச் சொல்லப் போவதில்லை. பயமெல்லாம் இல்லை, வீட்டுப் பத்திரம் இன்னும் அவர்கள் லாக்கரில்தான் இருக்கிறது, அவ்வளவுதான். ஐந்துக்கு இரண்டரை நட்சத்திரம் கொடுக்கலாம். அந்த இரண்டரையில் ஒன்றரை, பத்திரம் பார்த்துக் கொடுத்த வக்கீலுக்குப் போய்ச் சேர வேண்டியது.

2021 ஜனவரியில் வாங்கினோம். மதுரை ஒத்தக்கடை பக்கம், ஏற்கெனவே கட்டி ஒருவர் குடியிருந்த வீடு, விலை 40 லட்சம். கடன் 30 லட்சம், இருபது வருடம், மாறும் வட்டி, அப்போது 7 சதவீதம். கொரோனா சமயம் என்பதால் ரிசர்வ் வங்கி ரெப்போவை, அதாவது மற்ற வங்கிகளுக்குத் தான் கொடுக்கும் கடனுக்கான வட்டியை, 4 சதவீதத்துக்குக் கொண்டு வந்து வைத்திருந்தது. அந்த மாதிரி வட்டி அதற்கு முன்னால் யாரும் பார்த்ததில்லை என்று ஏஜெண்ட் தம்பி சொன்னான். அது உண்மைதான். அவ்வளவு கீழே கிடக்கும் வட்டி இனிமேல் எந்தப் பக்கம் போகும் என்று அவனும் சொல்லவில்லை, எனக்கும் கேட்கத் தோன்றவில்லை.

தம்பி வீட்டுக்கே வந்தான். காபி குடித்துவிட்டு லேப்டாப்பைத் திறந்து, "சார், மாசம் 23,259. வாடகையே 11 ஆயிரம் கட்டுறீங்க. அதோட ஒரு 12 ஆயிரம் சேர்த்தா வீடு உங்களது" என்றான். கணக்கு எவ்வளவு லட்சணமாக இருக்கிறது பாருங்கள். இஎம்ஐ என்ற ஒரே எண்ணை வைத்துதான் மொத்த வியாபாரமும் நடக்கிறது. சம்பளத்துக்குள் அடங்குகிறதா இல்லையா, அதைத் தாண்டி நாமும் கேட்பதில்லை.

சரி, முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். கடன் அனுமதி வேகமாக வந்தது. பன்னிரண்டு வேலை நாளில் கடிதம் கைக்கு வந்துவிட்டது. வங்கி அனுப்பிய வக்கீல் முப்பது வருட வில்லங்கச் சான்று கேட்டார், வாங்கிக் கொடுத்தோம். அதோடு விட்டாரா, தாய்ப்பத்திரத்தைப் படித்துவிட்டு விற்பவரின் அப்பா இறந்ததற்குப் பிறகான வாரிசுச் சான்றில் ஒரு தங்கை பெயர் இருக்கிறது, அவரும் கையெழுத்துப் போட வேண்டும் என்று உட்கார்ந்துவிட்டார். அந்தத் தங்கை திருப்பூரில் இருந்தார். அவர் வந்து கையெழுத்துப் போட மூன்று வாரம் ஆனது, விற்பவருக்கு எங்கள் மேல் கோபம், எனக்கு வக்கீல் மேல் கோபம். இப்போது யோசித்தால் அந்த ஒரு கையெழுத்து இல்லாமல் வாங்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று வயிற்றைக் கலக்குகிறது. கைக்காசு போட்டு வாங்குகிறவர்கள்கூட இப்படி ஒரு வக்கீலிடம் காட்டிவிட்டுத்தான் வாங்க வேண்டும்.

அப்புறம் செலவு. வீட்டு விலையில் முக்கால் பங்கு கடன், கால் பங்கு கைக்காசு என்பது எங்களுக்கு முதலிலேயே தெரியும். பத்திரப் பதிவுச் செலவு முழுக்க நம் தலையில் என்பதைக் கடைசி நேரத்தில்தான் உணர்கிறோம். அப்போது தமிழ்நாட்டில் முத்திரைத்தாள் 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம், ஆக 11. 40 லட்சத்துக்கு 4,40,000 ரூபாய். (2023-ல் பதிவுக் கட்டணத்தை 2 ஆக்கினார்கள், ஆனால் வழிகாட்டி மதிப்பையும் கூடவே ஏற்றிவிட்டார்கள், அந்தக் கதை வேறு.) பரிசீலனைக் கட்டணம் ஜிஎஸ்டியோடு 12,390. வக்கீலுக்கு, மதிப்பீட்டாளருக்கு தனித்தனியாக. பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததைப் பதிவு அலுவலகத்தில் பதிய எம்.ஓ.டி. செலவு ஏறக்குறைய இருபதாயிரம். கடன் முடிந்ததும் அதை ரத்து செய்ய ரசீது ஆவணம் என்று ஒன்றைத் திரும்பப் பதிய வேண்டும், அதை மறந்தவர்களுக்கு வில்லங்கச் சான்றில் கடன் அப்படியே நிற்கும்.

இதில் எனக்கு இன்னமும் ஆறாதது காப்பீடு. "கடனுக்கு இன்சூரன்ஸ் கட்டாயம் சார்" என்றான் தம்பி. ஒரே தடவையில் கட்டும் பிரீமியம் 92,000. கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துக்கொள்ளலாம் என்றதும் எனக்குப் பெரிய நிம்மதி, அதுதான் தப்பு. 30 லட்சத்தில் 92 ஆயிரம் காப்பீட்டு நிறுவனத்துக்குப் போனது, மீதிதான் வீட்டை விற்றவருக்கு. அந்த 92 ஆயிரத்துக்கும் இருபது வருடம் வட்டி உண்டு. 7 சதவீதத்திலேயே அசலும் வட்டியுமாக அது 1,71,000 ரூபாய் ஆகிறது. கடன் குறையக் குறைய காப்புத்தொகையும் குறைந்துகொண்டே போகும் பாலிசி அது. வீட்டுக் கடன் வாங்கினால் ஆயுள் காப்பீடு எடுத்தே தீர வேண்டும் என்று சட்டம் எதுவும் கிடையாது, அந்த வங்கி காட்டும் நிறுவனத்திலேயே எடுக்க வேண்டும் என்று நிச்சயமாகக் கிடையாது. குடும்பத்துக்குக் காப்பீடு தேவைதான், நான் இல்லை என்று சொல்லவில்லை. வெளியில் ஒரு சாதாரண டேர்ம் பாலிசியை வருடா வருடம் கட்டுகிற மாதிரி எடுத்திருப்பேன்.

முதல் மாத இஎம்ஐ 23,259-ல் வட்டி 17,500, அசல் 5,759. இது எந்தக் கடனுக்கும் இப்படித்தான், வங்கியைக் குறை சொல்ல முடியாது. பாக்கி எவ்வளவோ அதற்குத்தான் வட்டி, ஆரம்பத்தில் பாக்கி மலை மாதிரி இருக்கும். 7 சதவீதத்தில் இருபது வருடக் கடன் என்றால் பத்து வருடம் கழித்துத்தான் தவணையில் அசலின் பங்கு வட்டியைத் தாண்டும். இருபது வருடமும் ஒழுங்காகக் கட்டினால் மொத்தம் 55 லட்சத்து 82 ஆயிரம். இதையே பதினைந்து வருடம் என்று எழுதியிருந்தால் மாதம் 3,700 ரூபாய் கூடியிருக்கும், மொத்தத்தில் 7 லட்சத்துக்கு மேல் மிச்சம். முப்பது வருடம் என்றால் மாதம் 3,300 குறையும், மொத்தத்தில் 16 லட்சம் கூடும். இந்த மூன்று வரியையும் ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதிக் கையெழுத்துக்கு முன்னால் என் முன் வைத்திருந்தால் இந்த வங்கிக்கு நான்கு நட்சத்திரம் போட்டிருப்பேன்.

2022 மே மாதம் ரெப்போ ஏற ஆரம்பித்தது. 2023 பிப்ரவரிக்குள் ஆறு தடவை ஏற்றி 4 சதவீதத்திலிருந்து 6.5-க்குக் கொண்டு போய்விட்டார்கள். 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ மாதிரியான ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டவை. மேலே ஏறினால் நமக்கும் ஏறும், இறங்கினால் இறங்கும். என் கடன் மூன்று மாதத்துக்கு ஒரு முறை மாறும் வகை, 7 என்பது 2023 ஏப்ரலில் 9.5 ஆகிவிட்டது. எனக்கு வந்த குறுஞ்செய்தியில் வட்டி மாற்றப்பட்டிருக்கிறது, உங்கள் இஎம்ஐயில் மாற்றமில்லை என்று இருந்தது. மாற்றமில்லை என்றதும் நிம்மதியாகி போனைப் பையில் போட்டுக்கொண்டேன். மனைவியிடம்கூடப் பெருமையாகச் சொன்னேன், பக்கத்து வீட்டு அண்ணனுக்கு இஎம்ஐ ஏறிவிட்டது, நமக்கு ஏறவில்லை என்று.

2024 ஜனவரி இரண்டாம் தேதி. அலுவலகத்தில் வரிக் கணக்குக்கு ஆதாரம் கேட்டிருந்தார்கள், வட்டிச் சான்றிதழ் எடுக்க வங்கியின் ஆப்பைத் திறந்தேன். நடப்பு நிதியாண்டுக்கு வட்டி 2,72,948 என்று இருந்தது. அசல் என்ற இடத்தில் 6,160. முதலில் ஒரு மாதத்து அசல் என்று நினைத்தேன், பிறகுதான் முழு வருடத்துக்கும் அதுதான் என்று புரிந்தது. கட்டிய அசலுக்கு வரிக் கழிவு கேட்கும் 80சி கட்டத்தில் 6,160 என்று எழுதும்போது பக்கத்து சீட் அண்ணாச்சி எட்டிப் பார்த்துவிட்டு, "ஒரு சைபர் விட்டுட்டீங்க தம்பி" என்றார்.

மத்தியானம் கணக்கு அறிக்கையை இறக்கிப் பார்த்தேன். ஏப்ரல் மாத வரியை மட்டும் சொல்கிறேன்: தவணை 23,259, வட்டி 22,768, அசல் 491. யானைப் பசிக்குச் சோளப்பொறி மாதிரி 28 லட்சத்து 75 ஆயிரம் பாக்கிக்கு நான் 491 ரூபாய் போட்டிருக்கிறேன். அடுத்த மாதம் 495. அதற்கடுத்த மாதம் 499. ஏப்ரலிலிருந்து டிசம்பர் வரை ஒன்பது மாதத்தில் கட்டியது 2,09,331 ரூபாய், கடன் குறைந்தது நாலாயிரத்து ஐந்நூற்றுச் சொச்சம். அறிக்கையின் மேல் மூலையில் சின்ன எழுத்தில் மீதித் தவணைகள் 480 என்று இருந்தது. ஆரம்பித்தபோது 240. முப்பத்தைந்து தவணை, எட்டு லட்சத்து 14 ஆயிரம் ரூபாய் கட்டிய பிறகு அது இரட்டிப்பாகியிருக்கிறது. எனக்கு அப்போது வயது 37, கடன் முடியும்போது 77. எங்கள் தாத்தா 71-லேயே போய்விட்டார்.

விஷயம் இதுதான். வட்டி ஏறும்போது வங்கி இரண்டில் ஒன்றைச் செய்யலாம், இஎம்ஐயை ஏற்றலாம் அல்லது தவணை எண்ணிக்கையை நீட்டலாம். இஎம்ஐயை ஏற்றினால் நாம் கத்துவோம். நீட்டினால் ஒரு சத்தமும் வராது. அதனால் நீட்டினார்கள். இஎம்ஐ மாறவில்லை என்று அனுப்பிய குறுஞ்செய்தியில் ஒரு பொய்யும் இல்லை, மீதித் தவணை என்ற எண்ணை மட்டும் அதில் சேர்க்கவில்லை.

மறுநாள் கிளைக்குப் போனேன். கடன் பிரிவில் இருந்த மேடம் தன்மையாகத்தான் பேசினார். "சிஸ்டம் அதுவா போட்டுக்கும் சார், எல்லாருக்கும் அப்படித்தான் ஆயிருக்கு. ரேட் இறங்கினா தன்னால குறைஞ்சிரும்" என்றார். இன்னும் நாற்பது வருடம் காட்டுகிறது, ரிடையர்மென்டுக்கு அப்புறமும் போகிறதே மேடம் என்றேன். திரையைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஆமா சார், கொஞ்சம் அதிகமாத்தான் போயிருச்சு" என்றார். அந்தக் "கொஞ்சம்" என் காதிலேயே இருக்கிறது.

அப்புறம்தான் தெரிந்தது, நாடு முழுக்க இந்தப் புகார் போயிருக்கிறது, ரிசர்வ் வங்கியே 2023 ஆகஸ்டில் ஒரு சுற்றறிக்கை விட்டிருக்கிறது. வட்டி மாறும்போது இஎம்ஐயை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும், நிலையான வட்டிக்கு மாறவும் வாய்ப்புத் தர வேண்டும், தவணைப் பணம் அந்த மாத வட்டிக்கே போதாத நிலை வரக் கூடாது என்றெல்லாம் அதில் அப்போது இருந்தது. பழைய கடன்காரர்களுக்கும் 2023 டிசம்பர் 31-க்குள் சொல்லியிருக்க வேண்டும். எனக்கும் சொல்லியிருந்தார்கள், தேடிப் பார்த்தேன், டிசம்பரில் ஒரு குறுஞ்செய்தி, ஒரு இணைப்போடு. கார் கடன் விளம்பரத்துக்கும் கிரெடிட் கார்டு விளம்பரத்துக்கும் நடுவில் கிடந்தது.

நிலையான வட்டி கேட்டுப் பார்த்தேன், பத்தைத் தாண்டிச் சொன்னார்கள், வேண்டாம் என்றுவிட்டேன். பழைய இருபது வருடத்துக்குள் முடிக்க இஎம்ஐ எவ்வளவு ஆக வேண்டும் என்றேன். 28,517. அதாவது மாதம் 5,258 கூடுதல். மனைவி சமையலறைக் காலண்டரின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டாள். வட்டி 9.5-லேயே நின்றால், பழைய இஎம்ஐயில் இன்னும் கட்ட வேண்டியது ஒரு கோடியே 10 லட்சத்துக்கு மேல். புது இஎம்ஐயில் 57 லட்சத்து 60 ஆயிரம். வித்தியாசம் 53 லட்சம். ஐயாயிரத்துச் சொச்சத்துக்கு 53 லட்சமா என்று அவளே மூன்று தடவை போட்டுப் பார்த்துவிட்டு, பால்காரர் கணக்குக்கு மேல் பெரிதாக வட்டம் போட்டு வைத்தாள். 2024 ஏப்ரலிலிருந்து 28,517 கட்டுகிறோம். பையனின் கராத்தே வகுப்பு நின்றது, ஞாயிறு பிரியாணி மாதம் ஒரு தடவை ஆனது, அதெல்லாம் நடந்தது.

இன்னொரு விஷயத்தையும் அப்போதுதான் பார்த்தேன். என் வட்டி 9.5, அதே வங்கி அதே வாசலில் புதிதாகக் கடன் வாங்க வருகிறவருக்கு 8.5 என்று பேனர் கட்டியிருக்கிறது. ரெப்போ எல்லோருக்கும் ஒன்றுதான், அதற்கு மேல் வங்கி வைக்கும் ஸ்ப்ரெட் ஆளுக்கு ஆள் வேறு. பழைய வாடிக்கையாளர் எங்கே போகப் போகிறார் என்ற நம்பிக்கை. குறைக்கச் சொல்லிக் கடிதம் கொடுத்தேன், இரண்டு மாதம் பதில் இல்லை. பிறகு ஒரு நண்பர் சொன்னபடி, கடனை வேறு வங்கிக்கு மாற்றப் போகிறேன், முழுத் தீர்வுத் தொகைக் கடிதமும் பத்திரங்களின் பட்டியலும் வேண்டும் என்று எழுதிக் கொடுத்தேன். மூன்றாவது நாள் போன் வந்தது. மாற்றுக் கட்டணம் ஜிஎஸ்டியோடு 5,900 கட்டினால் அரை சதவீதம் குறைக்கலாமாம். வருடத்துக்கு பதினாலாயிரம் ரூபாய் வட்டி மிச்சம் என்பதால் கட்டினேன். உண்மையிலேயே வேறு வங்கிக்குப் போயிருந்தால் திரும்ப எம்.ஓ.டி., வக்கீல், மதிப்பீடு என்று முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் கிடையாது, 2012-லேயே ரிசர்வ் வங்கி நிறுத்திவிட்டது. அதனால் வெளியேறும் கதவு திறந்துதான் இருக்கிறது, வங்கிக்கும் அது தெரியும். நாம் கதவு வரை போய் நிற்க வேண்டும், அவ்வளவுதான்.

"வரி மிச்சமாகும் சார்" என்றும் தம்பி சொல்லியிருந்தான். பழைய வரிமுறையில் சொந்தக் குடியிருப்புக்கு வருடம் 2 லட்சம் வரைதான் வட்டிக் கழிவு. நான் கட்டியது 2,72,948, மேலே இருந்த 72 ஆயிரத்துக்கு ஒன்றும் இல்லை. இப்போது 12 லட்சம் வரை வருமானத்துக்கு வரி வராது என்பதால் புதிய வரிமுறைக்கு மாறிவிட்டேன், அதில் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவே கிடையாது. ஆக வரி மிச்சம் என்று கணக்கில் எழுதியிருந்த வரியை அடித்துவிட்டேன்.

2025-ல் ரெப்போ இறங்கியது, பிப்ரவரியில் கால் சதவீதம், ஏப்ரலில் கால், ஜூனில் அரை, டிசம்பரில் கால், அதோடு 5.25 ஆனது. என் வட்டி 7.75 ஆனது. இந்தத் தடவை வங்கி முந்திக்கொண்டு கேட்டது, இஎம்ஐயைக் குறைத்துக்கொள்கிறீர்களா என்று. வேண்டாம், 28,517 அப்படியே இருக்கட்டும், தவணை எண்ணிக்கையைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். கராத்தே திரும்ப ஆரம்பித்திருக்கலாம், மனைவிக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான்.

2026 ஜனவரியோடு அறுபது தவணை முடிந்தது. ஐந்து வருடத்தில் கட்டியது 15 லட்சத்து 11 ஆயிரம். கடன் குறைந்தது 3 லட்சத்து 11 ஆயிரம். மீதித் தவணை 146, இதே வட்டி இருந்தால். போனஸ் வந்தால் அதையும் அசலில் போடலாம் என்று இருக்கிறோம். ஆரம்பத்திலேயே வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டியிருந்தால் 7 சதவீதக் கணக்கில் மூன்று வருடம் முன்னதாக முடிந்திருக்கும், நாலரை லட்சம் மிச்சமாகியிருக்கும். அதெல்லாம் ஏஜெண்ட் தம்பியின் லேப்டாப்பில் இருந்திருக்கும், எனக்குக் காட்டவில்லை.

இந்த வங்கிக்குப் போகலாமா என்று கேட்டால், போகலாம், மற்ற இடங்களும் பெரிய வித்தியாசம் இல்லை என்றுதான் கேள்விப்படுகிறேன். ஆப் நன்றாக வேலை செய்கிறது, கிளையில் மரியாதையாகப் பேசுகிறார்கள், அசலில் பணம் போட்டால் அன்றைக்கே கணக்கில் ஏறுகிறது. கடன் அனுமதிக் கடிதத்தில் ஸ்ப்ரெட் எவ்வளவு என்று எழுதியிருக்கும் பக்கத்தை போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். குறுஞ்செய்தியில் இஎம்ஐ மாறவில்லை என்று வந்தால் அன்றைக்கே அறிக்கையை இறக்கி மீதித் தவணையைப் பாருங்கள். காப்பீட்டுப் படிவத்தில் கையெழுத்துப் போடும் முன் இது கடனில் சேருகிறதா என்று கேளுங்கள்.

ஒப்படைத்த பத்திரங்களின் பட்டியலையும் கையெழுத்தோடு கேட்டு வாங்குங்கள். கடன் முடிந்து முப்பது நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தராமல் வங்கி தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் கொடுக்க வேண்டும் என்பது 2023 டிசம்பரிலிருந்து விதி. எனக்கு வந்த பட்டியலில் பதினோரு ஆவணம். ஒன்பதாவதாக அந்த வாரிசுச் சான்று. அதில் வங்கி ஊழியர் தட்டச்சு செய்திருப்பது "வரிசுச் சான்று". திருத்தித் தரச் சொல்லி இன்னும் எழுதவில்லை, இந்த வாரம் எழுத வேண்டும்.